வேண்டுமென்றே குறி தவறிய துப்பாக்கிகள்

முதல் உலகப் போரில் 1914 கிறிஸ்துமஸ் அன்று இரண்டு பக்கத்துச் சிப்பாய்களும் பதுங்குகுழியை விட்டு மேலே ஏறி வந்து கைகுலுக்கிய கதை பலருக்கும் தெரிந்திருக்கும். அது ஒரு நாள் கூத்து. எனக்கு அதைவிட ஆச்சரியமான விஷயம், அதற்கு முன்னும் பின்னும் மாதக்கணக்கில், பாட்டு இல்லாமல், கைகுலுக்கல் இல்லாமல், சத்தம் போடாமல் நடந்த சமாதானம்தான்.

பிரான்சிலும் பெல்ஜியத்திலும் பிரிட்டிஷ் குழியும் ஜெர்மன் குழியும் சில இடங்களில் நூறு மீட்டர்கூடத் தள்ளி இல்லை. இரவில் பின்னாலிருந்து சாப்பாடு வண்டியில் வரும். அந்த வண்டியை அடிப்பது ரொம்பச் சுலபம், ஆனால் அடித்தால் என்ன ஆகும்? நாளைக்கு நம் வண்டி வராது. அதனால் பல இடங்களில் சாப்பாட்டு நேரத்தில் துப்பாக்கி தானாகவே ஓய்ந்தது. பீரங்கிக்காரர்கள் தினமும் அதே நேரத்துக்கு அதே இடத்தில் குண்டு போட்டார்கள், எதிரே இருப்பவன் கடிகாரத்தைப் பார்த்து நகர்ந்துகொள்வான். குறி பார்த்துச் சுடுகிறவர்கள் பாழடைந்த வீட்டுச் சுவரில் ஒரே புள்ளியைத் திரும்பத் திரும்பச் சுட்டு ஓட்டை போட்டுக் காட்டினார்கள். அதற்கு அர்த்தம், 'எனக்குச் சுடத் தெரியும், உன்னைச் சுடவில்லை, அவ்வளவுதான்.' பார்வையிட வந்த ஒரு பிரிட்டிஷ் அதிகாரி, ஜெர்மன் சிப்பாய்கள் துப்பாக்கி எட்டும் தூரத்தில் சாவகாசமாக நடமாடுவதையும், தன் பக்கத்து ஆட்கள் அதைக் கண்டுகொள்ளாமல் இருப்பதையும் பார்த்து அரண்டுபோய் எழுதிவைத்திருக்கிறார்.

(அந்தப் போர் நமக்கும் அவ்வளவு தூரத்துச் சமாச்சாரம் இல்லை. 1914 செப்டம்பர் 22 இரவு சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டுவிட்டுப் போன ஜெர்மன் கப்பலின் பெயர்தான், இன்றும் நாம் 'அவன் சரியான எம்டன்' என்று சொல்லும் எம்டன்.)

சரி, கொல்வதற்கென்றே அனுப்பப்பட்டவர்கள் ஏன் இப்படி நடந்துகொண்டார்கள்? அன்பா? இல்லை. எதிரியின் முகத்தையே பலர் பார்த்ததில்லை. இதற்கு விடை கணிதத்தில் இருக்கிறது, அதுவும் கொஞ்சம் விளையாட்டான கணிதத்தில்.

இரண்டு பேர் ஆடும் ஒரு ஆட்டம். ஒவ்வொருவரும் ஒத்துழைக்கலாம் அல்லது ஏமாற்றலாம். இருவரும் ஒத்துழைத்தால் ஆளுக்கு 3 புள்ளி. ஒருவர் ஏமாற்றி மற்றவர் ஏமாந்தால் ஏமாற்றியவருக்கு 5, ஏமாந்தவருக்குப் பூஜ்யம். இருவரும் ஏமாற்றினால் ஆளுக்கு 1. ஒரே ஒரு முறைதான் ஆட்டம் என்றால், எதிராளி என்ன செய்தாலும் ஏமாற்றுவதே லாபம், இருவரும் அப்படியே யோசித்து ஆளுக்கு 1 வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவார்கள். கைதிகளின் சங்கடம் என்று இதற்குப் பெயர். ஆனால் அதே ஆளோடு நாளையும் மறுநாளும், எப்போது முடியும் என்றே தெரியாமல் ஆட வேண்டியிருந்தால்?

அமெரிக்காவில் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ராபர்ட் ஆக்செல்ராட் இதைச் சோதித்துப் பார்க்க ஒரு கணினிப் போட்டி வைத்து, முடிவை 1980-ல் வெளியிட்டார். ஆட்டக்கோட்பாடு தெரிந்த நிபுணர்கள் 14 நிரல்கள் அனுப்பினார்கள். சில மகா தந்திரமானவை. ஜெயித்தது எல்லாவற்றிலும் குட்டியான நிரல், டொரன்டோவிலிருந்து அனடோல் ராபபோர்ட் அனுப்பியது (மனிதர் பியானோ மேடைக் கலைஞராக இருந்து கணிதத்துக்கு வந்தவர், போர் எதிர்ப்பாளர் வேறு). அதன் விதி இவ்வளவுதான்: முதல் ஆட்டத்தில் ஒத்துழை, அப்புறம் எதிராளி போன முறை செய்ததை அப்படியே திருப்பிச் செய். முடிவு தெரிந்தபிறகு இரண்டாம் போட்டி வைத்தார், 62 பேர் வந்தார்கள், எல்லோருக்கும் எதை வீழ்த்த வேண்டும் என்று தெரியும், அப்படியும் அதுவே ஜெயித்தது. இத்தனைக்கும் அந்த நிரல் நேருக்கு நேர் எந்த எதிராளியோடு ஆடினாலும், எல்லாச் சுற்றையும் கூட்டிப் பார்த்தால் அவரைவிட அதிகப் புள்ளி எடுக்காது, எடுக்கவும் முடியாது, ஏனென்றால் அது முதலில் ஏமாற்றுவதே இல்லை. எல்லோரோடும் ஓரளவு நன்றாக ஆடி ஆடியே மொத்தத்தில் முந்திவிட்டது.

ஆக்செல்ராட் பதுங்குகுழிக் கதையை எடுத்துக்கொண்டது இதனால்தான். ஒரே படைப்பிரிவு ஒரே எதிரியின் முன்னால் வாரக்கணக்கில் கிடக்கிறது. இன்று அடித்தால் நாளை வாங்குவேன், இன்று விட்டால் நாளை விடுவான். இதற்குப் பேச்சுவார்த்தையே தேவைப்படவில்லை. தவறு நடந்தால் சரிசெய்யவும் வழி இருந்தது. ஒருமுறை ஜெர்மன் பக்கத்திலிருந்து திடீரென்று பீரங்கிக் குண்டுகள் வந்து விழ, இரு பக்கமும் பதுங்கிக்கொண்டன. அப்புறம் ஒரு ஜெர்மானியர் மேட்டில் ஏறி நின்று, மன்னிக்கணும், யாருக்கும் அடிபடவில்லையே, இது எங்கள் தப்பில்லை, அந்தப் பாழாய்ப்போன பிரஷ்யப் பீரங்கிக்காரர்கள் வேலை என்று கத்தினாராம். அவர்கள் சாக்சனிக்காரர்கள்; சாக்சனி, பிரஷ்யா இரண்டுமே ஜெர்மனியின் பகுதிகள்தான். எதிரே இருக்கும் ஆங்கிலேயனைவிடப் பின்னால் இருக்கும் பிரஷ்யன்மேல் கோபம்!

தேசியம் எவ்வளவு மெல்லிய பூச்சு என்று அந்த ஒரு கத்தலில் தெரிகிறது. ஆனால் மெல்லியது என்பதற்காக வலு இல்லாதது என்று சொல்லிவிட முடியாது.

ஹென்றி தாஜ்ஃபெல் என்ற உளவியலாளர் 1970-ல் வெளியிட்ட சோதனையைப் பார்ப்போம். இங்கிலாந்தின் பிரிஸ்டலில் 14, 15 வயதுப் பள்ளிப் பையன்கள். ஏற்கெனவே ஒருவரை ஒருவர் தெரிந்தவர்கள். திரையில் புள்ளிகளைக் காட்டி எத்தனை என்று கேட்டார்கள், பிறகு நீ கூட்டிச் சொல்லும் குழு, நீ குறைத்துச் சொல்லும் குழு என்று பிரித்தார்கள். இன்னொரு முறை, க்ளீயின் ஓவியம் பிடித்தவர்கள், காண்டின்ஸ்கியின் ஓவியம் பிடித்தவர்கள் என்று. உண்மையில் பிரித்தது குருட்டாம்போக்கில். அப்புறம் ஒவ்வொரு பையனும் மற்ற இரண்டு பேருக்குச் சில்லறைக் காசு பங்கிட வேண்டும். பெயர் தெரியாது, குழு மட்டும் தெரியும், தனக்கு எதுவும் எடுத்துக்கொள்ள முடியாது. பையன்கள் தங்கள் குழுவுக்கு அதிகம் கொடுத்தார்கள், அது எதிர்பார்த்ததுதான். எதிர்பாராதது என்னவென்றால், நம் ஆளுக்குக் கிடைப்பது குறைந்தாலும் பரவாயில்லை, அவர்களைவிட அதிகமாக இருந்தால் போதும் என்ற பக்கம் பலர் சாய்ந்தார்கள்.

தாஜ்ஃபெலுக்கு இது வெறும் ஆய்வகக் கேள்வி இல்லை. போலந்தில் பிறந்த யூதர். பிரெஞ்சுப் படையில் சேர்ந்து 1940-ல் ஜெர்மானியரிடம் கைதியாகப் பிடிபட்டார். அவரைப் பிரெஞ்சுக் கைதியாக எண்ணியதால் பிழைத்தார். போர் முடிந்து வந்தபோது குடும்பத்தில் கிட்டத்தட்ட யாருமே மிஞ்சவில்லை. எந்தச் சீட்டு ஒட்டப்படுகிறது என்பதில் உயிர் தொங்கிக்கொண்டிருந்த மனிதர், சீட்டு ஒட்டினால் என்ன ஆகும் என்று ஆராய்ந்தார்.

ஆனால் சில்லறைக் காசுப் பாரபட்சத்துக்கும் பீரங்கிக்கும் நடுவே தூரம் அதிகம். அந்தப் பையன்கள் யாரையும் வெறுக்கவில்லை. முகமே தெரியாத கோடிப்பேரை 'நாம்' என்று உணரவைக்க பள்ளிக்கூடம், வரைபடம், செய்தித்தாள், கட்டாய ராணுவச் சேவை எல்லாம் வேண்டியிருந்தது. பிரெஞ்சு என்றால் ஆதிகாலம்தொட்டு ஒரே மொழி பேசும் ஒரே மக்கள் என்று நினைத்தால், 1794-ல் மதகுரு கிரெகுவார் பிரெஞ்சு நாடாளுமன்றத்தில் வைத்த அறிக்கை வேறு கதை சொல்கிறது: குறைந்தது 60 லட்சம் பேருக்குப் பிரெஞ்சு மொழியே தெரியாது, சுத்தமாகப் பேசுபவர்கள் 30 லட்சத்தைத் தாண்டமாட்டார்கள். 1880-களில் இலவசக் கட்டாயக் கல்வி வந்தபின் வளர்ந்த பிள்ளைகள் வகுப்பறை வரைபடத்தில், 1871-ல் ஜெர்மனி பிடுங்கிக்கொண்ட அல்சாஸையும் லொரேனின் ஒரு பகுதியையும் துக்க நிறத்தில் பார்த்தே வளர்ந்தார்கள். ஒன்று சொல்ல வேண்டும், இதே எந்திரம்தான் அடிமைப்பட்ட நாடுகளுக்கு விடுதலையும் வாங்கித் தந்தது, ஆகவே தேசியம் என்றாலே விஷம் என்று நான் சொல்லமாட்டேன். எந்திரம் எந்த வண்டியில் பூட்டப்படுகிறது என்பதைப் பார்க்கவேண்டும்.

1914-ல் அது பூட்டப்பட்ட வண்டி ரயில். ஜெர்மனியின் திட்டம், மெதுவாகத் திரளும் ரஷ்யா தயாராவதற்குள் ஆறு வாரம் போலப் பிரான்சை முடித்துவிட்டு கிழக்கே திரும்புவது. அதனால் ரஷ்யா ஜூலை 30-ல் படையைத் திரட்ட உத்தரவு போட்டதும், ஜெர்மனிக்கு ஒவ்வொரு நாளும் நஷ்டக்கணக்கு. ரஷ்யாவைக் கேட்டால், நாங்கள் தற்காப்புக்குத்தானே செய்தோம் என்பார்கள். என் வீட்டுக் கதவுப் பூட்டு உன் கண்ணுக்குக் கத்தியாகத் தெரிவது, உன் வீட்டுப் பூட்டு என் கண்ணுக்கு அப்படியே தெரிவது. ஆகஸ்ட் 1 மாலை, மேற்கே போர் வேண்டாம், எல்லாப் படையையும் கிழக்கே அனுப்பு என்று பேரரசர் வில்ஹெல்ம் கடைசி நேரத்தில் கேட்டபோது, தளபதி மோல்ட்கே முடியாது என்றுவிட்டார். ரயில் கால அட்டவணை அப்படிப் போட்டிருக்கிறது! முந்தியவனுக்கே வெற்றி, ஒரே ஆட்டத்தில் முடிந்துவிடும் என்று தலைநகரங்களில் பலர் நம்பினார்கள். ஒரே ஆட்டம் என்று நம்பினால் கணக்கு என்ன சொல்லும் என்பதை மேலே பார்த்தோம். அட்டவணை போட்டவர்கள் பதுங்குகுழியில் இல்லை என்பது இன்னொரு விஷயம்.

குழிச் சமாதானத்தைத் தலைமை முறித்த விதமும் பாடப்புத்தகத்தில் வைக்கத் தகுந்தது. சுடு என்றால் சிப்பாய் வானத்தைப் பார்த்துச் சுடுவான், கணக்கும் காட்டுவான். அதனால் சிறு சிறு இரவுத் தாக்குதல்களுக்கு உத்தரவு வந்தது: எதிரிக் குழிக்குள் போய் ஒரு கைதியோடு வா, இல்லாவிட்டால் ஒரு பிணமாவது காட்டு. இதில் நடிக்க முடியாது. நம்பியிருந்தவன் இரவில் வந்து கழுத்தை அறுத்தபின், மறுநாள் சாப்பாட்டு வண்டியை யார் விடுவார்கள்?

போர் முடிந்து 1928-ல் பாரிசில் போரையே சட்டவிரோதமாக்கும் கெல்லாக்-பிரியான் ஒப்பந்தம் கையெழுத்தானது. முதல் நாளே கையெழுத்திட்டவர்களில் ஜெர்மனி, இத்தாலி, ஜப்பான் மூன்றும் உண்டு. நல்லெண்ணத்துக்குக் குறைவில்லை. யார் மீறுகிறார்கள் என்று பார்க்க ஆளும் இல்லை, மீறினால் என்ன என்பதும் இல்லை.

அடுத்த போருக்குப் பிறகு வந்தது இதைவிடச் சப்பென்ற யோசனை. 1950 மே 9 அன்று பிரெஞ்சு வெளியுறவு அமைச்சர் ராபர்ட் ஷூமன், பிரெஞ்சு அரசின் திட்டக்குழுத் தலைவர் ழான் மோனே தயாரித்த ஒரு அறிவிப்பை வாசித்தார்: பிரான்சும் ஜெர்மனியும் நிலக்கரி, எஃகு உற்பத்தியை ஒரே பொது அமைப்பின் கீழ் வைக்கட்டும், போர் நினைத்துப் பார்க்க முடியாதது மட்டுமல்ல, பொருள்ரீதியாகவே முடியாததாகட்டும். ஷூமனே ஒரு எல்லைக்கோட்டு மனிதர். லக்சம்பர்க்கில் பிறந்தார், தந்தை லொரேன்காரர், அதனால் பிறப்பில் ஜெர்மன் குடிமகன், எல்லை நகர்ந்ததால் 1919-ல் பிரெஞ்சுக்காரர் ஆனார். ஆனால் அவரது உருக்கமான வாழ்க்கையைவிட முக்கியம், ஏற்பாட்டின் தச்சுவேலை. பீரங்கி செய்ய எஃகு வேண்டும், எஃகுக்கு ஜெர்மனியின் ரூர் நிலக்கரியும் லொரேனின் இரும்புத் தாதும் வேண்டும். ஆறு நாடுகள் 1951-ல் கையெழுத்திட்ட பிறகு, யார் எத்தனை டன் உருக்குகிறார்கள் என்ற கணக்கு எல்லோரும் பார்க்கும்படி லக்சம்பர்க்கில் ஒரே மேசைக்கு வந்தது. மீறினால் அபராதம், வழக்குக்கு நீதிமன்றம். விலை, ஒதுக்கீடு என்று ஓயாத சச்சரவு, அதே ஆட்களோடு, அடுத்த வாரமும். சாப்பாட்டு வண்டி ஏற்பாடேதான், இம்முறை தலைமையகமே குழிக்குள் இறங்கி உட்கார்ந்தது.

இதுதான் முழுக் காரணம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். சோவியத் பயமும் ஐரோப்பாவில் நின்ற அமெரிக்கப் படையும் பெரிய காரணங்கள். ராணுவத்தையே ஒன்றாக்கலாம் என்ற அடுத்த முயற்சியை 1954-ல் பிரெஞ்சு நாடாளுமன்றம் நிராகரித்தது. கொடியைப் பகிர மனம் வராதவர்களுக்கு, கரியைப் பகிர்வதில் சிக்கல் இருக்கவில்லை.

அந்த நிலக்கரி, எஃகு ஒப்பந்தம் ஐம்பது ஆண்டுக்குத்தான் எழுதப்பட்டிருந்தது. 2002 ஜூலையில் அது காலாவதியானபோது, அதன் வேலைகளை ஐரோப்பிய ஒன்றியம் எடுத்துக்கொண்டது. இரண்டே வருடத்தில், 2004 ஏப்ரலில், பிரான்சின் கடைசி நிலக்கரிச் சுரங்கமும் மூடப்பட்டது. அது இருந்த ஊர் க்ரெயட்ஸ்வால்ட், ஜெர்மன் எல்லையோரம், அதே லொரேனில்.