வழக்குரைத் திருத்தம்

கோர்ட் வராந்தாவில் 'வழக்குரைத் திருத்தம்' என்ற சொல்லை யாரும் சொல்லிக் கேட்க முடியாது. 'அமெண்ட்மென்ட் போட்டிருக்கோம்', 'பிராதைத் திருத்த ஐ.ஏ. போட்டாச்சு' என்பதுதான் அங்கே பேச்சு. ஐ.ஏ. என்பது இடைநிலை மனு. வழக்குத் தொடுத்த வாதி கொடுத்த பிராதிலோ, அதற்குப் பதிலாகப் பிரதிவாதி கொடுத்த எதிருரையிலோ உள்ள வரிகளை, வழக்கு நிலுவையில் இருக்கும்போதே மாற்றவோ சேர்க்கவோ நீக்கவோ நீதிமன்றத்தின் அனுமதி கேட்கும் மனு அது. இதற்கு இடம் தருவது 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 6ஆம் கட்டளை, 17ஆம் விதி.

'பிராது' பாரசீகத்தின் ஃபரியாத், உருது வழியாக வந்தது. பொருள்: ஓலம், முறையீடு. அதற்கு நேரான ஆங்கிலச் சொல்லான 'பிளெய்ன்ட்' லத்தீன் மூலத்தில் மார்பில் அடித்துக்கொண்டு அழுவதைக் குறித்தது. எங்கெங்கோ பிறந்த இரண்டு சொற்களும் அழுகையில்தான் தொடங்கியிருக்கின்றன. 'பிளீடிங்' என்பதன் வேர் வேறு. 'இசைந்தது, முடிவானது' எனப் பொருள்படும் லத்தீன் சொல் பழைய பிரெஞ்சுக்குப் போய் வழக்கையே குறிக்கத் தொடங்கி, பிறகு ஆங்கிலத்துக்கு வந்தது. நம் சட்டத்தில் பிளீடிங் என்றால் பிராது அல்லது எதிருரை; எழுதித் தாக்கல் செய்த தாள். வக்கீல் எழுந்து நின்று பேசுவது அதில் சேராது. ஆகவே 'வாதம்' என்று மொழிபெயர்ப்பது தப்பு. 'வழக்குரை' சரி. சிலர் அதைப் பிராதுக்கு மட்டும் வைத்துக்கொள்கிறார்கள். பிராதுக்குப் பிராதே இருக்கட்டும், இரண்டுக்கும் பொதுவாக வழக்குரை என்பதுதான் வசதி என்பது என் கட்சி.

சொல் பழையதும்கூட. சிலப்பதிகாரத்தில் கண்ணகி பாண்டியன் அவையில் நியாயம் கேட்கும் பகுதிக்கு 'வழக்குரை காதை' என்றே பெயர். தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்கிறாள் அவள். தங்கள் சிலம்பின் பரல் முத்து என்கிறான் அவன். அந்த ஒரு வாக்கியம்தான் அவனை வீழ்த்தியது. வழக்குரையில் ஒருமுறை ஒப்புக்கொண்டதைத் திருத்தம் என்ற பெயரில் திரும்பப் பெறுவது இன்றும் எளிதில்லை.

அடுத்தது 'திருத்தம்'. 'அமெண்ட்மென்ட்'டின் லத்தீன் வேருக்குப் பிழையைக் களைவது என்று மட்டுமே பொருள். தமிழ்ச் சொல் அகலமானது. பிழை திருத்துகிறோம், காடு திருத்திக் கழனியாக்குவதும் திருத்துவதுதான். சொத்து வழக்கில் தாமதமாக வரும் மனு இந்த இரண்டில் எது என்பதே நீதிபதி முன் நிற்கும் கேள்வி.

சர்வே எண் 112/3 என்பது தபசிலில், அதாவது பிராதின் சொத்து விவரப் பட்டியலில், 112/8 என்று தட்டச்சாகிவிட்டது, நான்கெல்லையில் வடக்கும் தெற்கும் இடம் மாறிவிட்டன என்று வைத்துக்கொள்வோம். இது பிழை திருத்தம். இதைத் திருத்தாமல் தீர்ப்பு வாங்கினால் அந்தத் தீர்ப்பை நிறைவேற்றக் கேட்கும் மனுவில் கோர்ட் ஊழியரான அமீன் போய் நிற்க நிலமே இருக்காது. காலம் கடந்திருந்தாலும் இப்படிப்பட்டதற்குப் பெரும்பாலும் அனுமதி கிடைக்கும். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்வார்கள், அவ்வளவுதான். கிரயப் பத்திரத்தின்படி சொத்து எனக்கு என்று வந்தவர், குறுக்கு விசாரணையில் பத்திரம் ஆட்டம் கண்டதும் 'அது பூர்வீகச் சொத்து, எனக்குப் பாகம் வேண்டும்' என்று மாற்றக் கேட்டால்? அது காடு திருத்தும் வேலை, வழக்கையே புதிதாக ஆக்குவது.

இப்படி வழக்கை இழுத்தடிக்கிறார்கள் என்றுதான் 1999ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் 17ஆம் விதியையே நீக்கியது. வழக்கறிஞர்களிடம் கடும் எதிர்ப்பு. அது நடைமுறைக்கு வருமுன்பே 2002இல் இன்னொரு சட்டம் கொண்டுவந்து, விதியை ஒரு கடிவாளத்தோடு திரும்ப வைத்தார்கள். 1.7.2002 முதல், சாட்சி விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கேட்பவர், தக்க முனைப்போடு இருந்தும் முன்னமே இதைச் சொல்ல முடியாமல் போனது ஏன் என்று காட்ட வேண்டும். இந்த மாற்றங்களை எதிர்த்த வழக்கில் முன்னின்றது சேலம் வழக்கறிஞர் சங்கம். உச்ச நீதிமன்றம் 2005இல் அவற்றை ஏற்றுக்கொண்டது. விசாரணை எப்போது தொடங்குகிறது? வாதி கூண்டில் ஏறும் வரை காத்திருக்க வேண்டாம், அவர் தம் சாட்சியத்தை எழுதிக் கொடுக்கும் நிரூபண வாக்குமூலம் தாக்கலானதுமே தொடங்கிவிட்டது என்கிறது உச்ச நீதிமன்றத்தின் 2008ஆம் ஆண்டுத் தீர்ப்பு. பலர் இங்கேதான் சறுக்குகிறார்கள்.

'தக்க முனைப்பு' என்பதை 'உரிய கவனம்' என்றும் எழுதுகிறார்கள். எனக்கு அது போதவில்லை. கவனமாக இருப்பவர் சும்மா உட்கார்ந்தும் இருக்கலாம். சட்டம் கேட்பது வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தாயா, பத்திர நகல் வாங்கினாயா என்று.

தாமதம் ஒன்றை மட்டும் காரணமாக வைத்து மனுவைத் தள்ளிவிடவும் முடியாது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், 1988இல் வெறும் உறுத்துக்கட்டளை (தடையாணை) கேட்டவர், வழக்கு நடக்கும்போதே நிலத்திலிருந்து தம்மை வெளியேற்றிவிட்டார்கள் என்று சொல்லி, 1999இல்தான் விளம்புகையும் (நிலம் தமக்கே உரியது என்ற அறிவிப்பு) சுவாதீனமும் (நிலத்தைத் தம் கையில் ஒப்படைப்பது) கேட்டுத் திருத்த மனு போட்டார். பதினோரு ஆண்டுத் தாமதம். கீழ் நீதிமன்றங்கள் மறுத்தன. சாட்சி விசாரணை அப்போது தொடங்கவில்லை என்பதையும் பார்த்து, உச்ச நீதிமன்றம் 2002இல் அனுமதித்தது. கூடவே ஒரு நிபந்தனை: புதிய பரிகாரம் திருத்த மனு போட்ட தேதியில் கேட்டதாகவே கொள்ளப்படும்.

அந்த நிபந்தனையின் கனம் லேசானதில்லை. வழக்கமாக அனுமதித்த திருத்தம் வழக்குப் போட்ட நாளுக்கே பின்னோக்கிப் போய் ஒட்டிக்கொள்ளும். அப்படி ஒட்டாதபோது காலவரம்புச் சட்டம் குறுக்கே வந்து நிற்கும்: விளம்புகைக்கு 3 ஆண்டு, உரிமையின் பேரில் சுவாதீனம் கேட்க 12 ஆண்டு.

அனுமதி வாங்கிய கையோடு திருத்திய பிராதையும் தாக்கல் செய்ய வேண்டும். நீதிமன்றம் கெடு குறிக்காவிட்டால் 18ஆம் விதிப்படி 14 நாள். அதைத் தவறவிட்டால், கெடுவை நீட்டித்துத் தரும்படி மறுபடி நீதிமன்றத்தையே கேட்க வேண்டும்.