சொல் விளக்கம்: வீட்டுத்திரைத் தொடர்ச்சி

1992இல் அரங்குகளில் ஓடிய 'அலாதீன்' படத்தின் தொடர்ச்சி, 'தி ரிட்டர்ன் ஆஃப் ஜாஃபர்', 1994இல் அரங்குக்கு வராமல் வீடியோ கேசட்டாகவே வெளியானது. இவ்வகைப் படத்துக்கு ஆங்கிலத்தில் 'டைரக்ட்-டு-வீடியோ சீக்வல்' என்று பெயர். தமிழில் எழுதுவோர் கூசாமல் 'நேரடிக் காணொளிப் படம்' என்கிறார்கள்.

'சீக்வல்' லத்தீனில் பின்தொடர்வதைக் குறிக்கும் வேரிலிருந்து வந்தது. 'வீடியோ' என்றால் 'காண்கிறேன்'. வேரில் சிக்கல் இல்லை.

சிக்கல் 'நேரடி'யில். நேரடி ஒளிபரப்பு என்றால் நடக்கும்போதே காட்டுவது. நேரடித் தமிழ்ப் படம் என்றால் மொழிமாற்றம் செய்யாதது. மாதக்கணக்கில் வரைந்து, பிறகு தமிழில் குரல் மாற்றிய கார்ட்டூன் இந்த இரண்டில் எது? 'நேரடியாக வீடியோவில் வெளியான படம்' என்று எழுதினால் பிழையில்லை. அங்கே 'நேரடியாக' என்பது 'வெளியான' என்ற வினைக்கு அடை. வினையை வெட்டி எறிந்ததும் அந்த அடை படத்தின் தலையில் ஏறி உட்கார்ந்துகொள்கிறது. 'காணொளி'யும் பொருந்தாது (காணொலியா காணொளியா என்ற சண்டையைத் தனியே வைத்துக்கொள்ளலாம்). மூலத்தில் வீடியோ என்பது கேசட்டும் வட்டும். மற்றபடி எந்தப் படம்தான் காணொளி இல்லை?

'மலிவுத் தொடர்ச்சி' என்று இன்னொன்று உலவுகிறது. இவற்றில் பல மலிவுதான். நொடிக்கு 24 சட்டகங்கள் (ஃபிரேம்கள்) ஓட வேண்டிய இடத்தில் ஒரே ஓவியத்தை மூன்று சட்டகங்களுக்கு நிறுத்தினால் 8 ஓவியம் போதும். அசைவு வெட்டி வெட்டித் தெரியும். குரலும் மாறும்: ஜாஃபர் படத்தில் பூதத்துக்கு, முதல் படத்தில் பேசிய ராபின் வில்லியம்ஸ் பேசவில்லை, டான் காஸ்டெல்லனெட்டா பேசினார். ஆனால் கலைச்சொல் சொல்வது படம் வந்த வழியை, தரத்தை அல்ல. 'டாய் ஸ்டோரி 2' வீடியோவுக்கென்று தொடங்கி, 1999இல் அரங்குக்கு வந்தது. வழி மாறியதும் வகைப்பெயரும் மாறியது. மதிப்புரையில் சொல்ல வேண்டியதைக் கலைச்சொல்லில் திணிப்பது மொழிபெயர்ப்பாளர் வேலையல்ல.

'இரண்டாம் பாகம்' பேச்சு வழக்குக்குச் சரி. ஆனால் பாகம் என்பது முழுமையொன்றின் கூறு. இவையோ முடிந்த கதைக்குப் பின்னால் ஒட்டியவை. 'தி லேண்ட் பிஃபோர் டைம்' படத்துக்கு இப்படி 13 ஒட்டுகள்.

வெள்ளித்திரை, சின்னத்திரை வரிசையில் 'வீட்டுத்திரை' இயல்பாக நிற்கும்; கேசட், வட்டு, ஓடிடி மூன்றுக்கும் பொருந்தும். ஆகவே வீட்டுத்திரைத் தொடர்ச்சி. ஆனால் அதற்குள் 'நேரடி ஓடிடி படம்' தலைப்புகளில் ஏறிவிட்டது. அடுத்து அதையும் 'நேரலை' என்று திருத்த ஒருவர் வருவார்.