கொலைக்கும் உலகப்போருக்கும் ஒரே அளவுகோல்

வாய்ச்சண்டை முற்றி ஒருவன் இன்னொருவனைக் குத்திக் கொல்கிறான். வேறொரு பக்கம் இரண்டாம் உலகப்போரில் கோடிக்கணக்கானவர்கள் சாகிறார்கள். இரண்டையும் ஒரே பட்டியலில் வைக்கலாமா என்று கேட்டால் பலரும் முகம் சுளிப்பார்கள். லூயிஸ் ஃப்ரை ரிச்சர்ட்சன் என்ற விஞ்ஞானி வைத்தார். ஆள் செத்தால் அது சண்டைதான், எத்தனை பேர் என்பதில்தான் வித்தியாசம் என்றார். செத்தவர் எண்ணிக்கையில் 1க்குப் பின்னால் எத்தனை பூஜ்ஜியம் வருகிறது என்று பாருங்கள், ஏறக்குறைய அதுதான் அவர் அளவுகோல் (பள்ளியில் படித்த மடக்கை, அதாவது லாகரிதம், அதேதான்). ஒருவர் செத்தால் 0, ஆயிரம் பேர் என்றால் 3, பத்து லட்சம் என்றால் 6. இரண்டு உலகப்போர்களும் 7ஐ ஒட்டி வரும். நிலநடுக்கத்துக்கு ரிக்டர் அளவு சொல்கிறோமே, அதே ஏற்பாடு.

ரிச்சர்ட்சன் 1881இல் இங்கிலாந்தில் பிறந்தவர், குவேக்கர். ஆயுதம் எடுக்க மாட்டோம் என்று இருக்கும் கிறிஸ்தவப் பிரிவு அது. முதல் உலகப்போரில் துப்பாக்கி தூக்காமல் பிரான்ஸ் படையோடு ஆம்புலன்ஸ் ஓட்டப் போனார். ஓட்டம் இல்லாத நேரத்தில், குளிரடிக்கிற தங்குமிடத்தில், வைக்கோல் குவியலை மேசையாக்கிக்கொண்டு, வானிலையைக் கணக்குப் போட்டே முன்கூட்டிச் சொல்ல முடியுமா என்று பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கையெழுத்துப் பிரதி 1917இல் சண்டைக் குழப்பத்தில் தொலைந்துபோய், மாதக்கணக்கில் கழித்து பெல்ஜியத்தில் ஒரு நிலக்கரிக் குவியலுக்கு அடியிலிருந்து கிடைத்தது. ஆறு மணி நேரத்துக்கு அவர் போட்ட கணிப்பு படுதோல்வி. காற்றழுத்தம் 145 மில்லிபார் ஏறும் என்று விடை வந்தது, நிஜத்தில் அது கிட்டத்தட்ட அசையவே இல்லை. ஆனால் இன்று சூப்பர் கணினிகள் வானிலை பார்ப்பது அவர் போட்டுவைத்த அந்தப் பாதையில்தான். 1920இல் அவர் வேலை பார்த்த வானிலை அலுவலகம் விமானப்படை அமைச்சகத்தின் கீழ் போனதும் வேலையை விட்டுவிட்டார். போரைக் கணக்குப் போடுவதை மட்டும் சாகும்வரை (1953) விடவில்லை.

அவர் கேட்ட முதல் கேள்வி எளிமையானது. போர்கள் எப்போது தொடங்குகின்றன? 1820 முதல் 1929 வரை 110 ஆண்டுகள். சுமார் 3,000 முதல் 31,000 பேர் வரை செத்த போர்களை மட்டும் எடுத்து, எந்த ஆண்டில் எத்தனை தொடங்கின என்று எண்ணினார். 65 ஆண்டுகளில் ஒன்றும் இல்லை. 35 ஆண்டுகளில் ஒன்று. 6 ஆண்டுகளில் இரண்டு, 4 ஆண்டுகளில் மூன்று. இப்போது போர் என்பதையே மறந்துவிட்டு, 59 கூழாங்கற்களைக் கண்ணை மூடிக்கொண்டு 110 பெட்டிகளுக்குள் எறிவதாக வைத்துக்கொள்ளுங்கள். இதற்குப் பாய்சான் பரவல் என்று ஒரு சூத்திரம் இருக்கிறது. அது சொல்லும் எண்ணிக்கை: 64.3, 34.5, 9.3, 1.7. முதல் இரண்டு எண்கள் பொருந்துவதைப் பாருங்கள். கடைசி இரண்டும் கொஞ்சம் தள்ளி நிற்கின்றன, ஆனால் இவ்வளவு சிறிய எண்ணிக்கையில் அந்த அளவு விலகல் சகஜம்.

இதை வைத்து "போர்களுக்குக் காரணமே இல்லை" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஒவ்வொரு போருக்கும் காரணம் உண்டு, சில சமயம் தேவைக்கு மேலேயே உண்டு. பிரஷ்ய ராணுவத்தில் குதிரை உதைத்துச் செத்த வீரர்களின் கணக்கை 1898இல் போர்ட்கியேவிச் என்ற புள்ளியியலாளர் வெளியிட்டார், அதுவும் இதே பாய்சான் வடிவம்தான். அங்கே ஒவ்வொரு உதைக்கும் ஒரு முரட்டுக் குதிரை, கவனம் தப்பிய ஒரு வீரன் என்று கதை இருந்திருக்கும். ஆயிரம் தனித்தனிக் காரணங்கள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளாமல் இயங்கும்போது, மொத்தத்தில் பார்த்தால் தாயக்கட்டை உருட்டியது போலத்தான் தெரியும்.

மனித மூளைக்கு இது பிடிப்பதில்லை. 1944இல் லண்டன் மீது ஜெர்மனியின் வி-1 பறக்கும் குண்டுகள் விழுந்தபோது, சில வட்டாரங்களைக் குறிவைத்தே அடிக்கிறான் என்று மக்கள் பேசிக்கொண்டார்கள். வரைபடத்தில் பார்த்தாலும் குண்டுகள் கொத்துக் கொத்தாகத்தான் விழுந்திருந்தன. ஆர். டி. கிளார்க் என்ற காப்பீட்டுக் கணக்கர் தெற்கு லண்டனில் 144 சதுர கிலோமீட்டரை 576 சமக் கட்டங்களாகப் பிரித்து எண்ணிப் பார்த்து 1946இல் வெளியிட்டார். மொத்தம் 537 குண்டுகள். ஒன்றுகூட விழாத கட்டங்கள் 229, சூத்திரம் சொல்வது 226.7. ஒரு குண்டு விழுந்தவை 211, சூத்திரப்படி 211.4. நான்கு விழுந்தவை 7, சூத்திரப்படி 7.1. குறி பார்த்து அடித்ததற்கான தடயமே இல்லை. குருட்டாம்போக்கில் விழுந்தாலே கொத்துக் கொத்தாகத்தான் விழும். சீராகப் பரவி விழுந்திருந்தால்தான் சந்தேகப்பட வேண்டும்.

சரி, எப்போது தொடங்கும் என்பதைத் தாயக்கட்டை என்று விட்டுவிடலாம். எவ்வளவு பெரிதாகும் என்பதுதான் எனக்குத் தூக்கம் கெடுக்கிற பகுதி.

மனிதர்களின் உயரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சராசரிக்கு இரண்டு பக்கமும் கொஞ்சம் கூடக் குறைய இருப்பார்கள். சராசரியைவிடப் பத்து மடங்கு உயரமான ஆள், அதாவது 17 மீட்டர் ஆள், கிடையவே கிடையாது. போர் அப்படி இல்லை. ரிச்சர்ட்சன் கண்டது இது: செத்தவர் எண்ணிக்கை பத்து மடங்கு கூடினால், அப்படிப்பட்ட போர்களின் எண்ணிக்கை சுமார் மூன்றில் ஒன்றாகத்தான் குறைகிறது. இதை அடுக்கு விதி என்பார்கள். கொஞ்சம் பெருக்கிப் பார்த்தால் விபரீதம் புரியும். போர்கள் மூன்றில் ஒன்றாகின்றன, சாவு பத்து மடங்காகிறது, ஆக ஒவ்வொரு படியிலும் மொத்தச் சாவு மூன்று மடங்குக்கும் மேல் ஏறிக்கொண்டே போகிறது. அவர் பட்டியலில் 1820இலிருந்து இரண்டாம் உலகப்போர் வரை சண்டையில் செத்த அத்தனை பேரிலும் 60 சதவீதம், சுமார் 3.6 கோடிப் பேர், இரண்டே இரண்டு போர்களில் செத்தவர்கள். அடுத்த இடம் எதற்கு என்று நினைக்கிறீர்கள்? அளவுகோலின் மறுகோடியில் இருக்கும் சாதாரணக் கொலைகளுக்கு, சுமார் 97 லட்சம். வரலாற்றுப் பாடத்தில் நாம் மனப்பாடம் செய்த மற்ற எல்லாப் போர்களும் சேர்ந்து கால் பங்குகூட வரவில்லை.

இந்த மாதிரித் தரவில் சராசரி என்பது நம்பத் தகாத ஆள். நூறு போர்களுக்குச் சராசரி போட்டு வைத்திருப்பீர்கள், நூற்றியோராவது போர் வந்து அதைத் தூக்கியடித்துவிடும். "1945க்குப் பிறகு பெரிய போர் இல்லை, மனிதன் திருந்திவிட்டான்" என்ற வாதம் இடறுவது இங்கேதான். ஆரன் கிளாசெட் என்ற கணினி அறிவியலாளர் 1823 முதல் 2003 வரை நாடுகளுக்கிடையே நடந்த 95 போர்களை எடுத்து, எதுவுமே மாறாத, பழைய தாயக்கட்டையே உருளுகிற ஓர் உலகைக் கணினியில் மறுபடி மறுபடி ஓட்டிப் பார்த்தார். 1945க்குப் பின் நாம் கண்டது போன்ற அமைதி அந்த மாறாத உலகிலும் சாதாரணமாக வருகிறது. இது உண்மையான மாற்றம்தான் என்று புள்ளியியல் ஒப்புக்கொள்ள வேண்டுமானால் இந்த அமைதி இன்னும் 100 முதல் 140 ஆண்டுகள் நீடிக்க வேண்டும் என்று 2018இல் எழுதினார். மக்கள்தொகை பெருகியிருக்கிறது, அதால் வகுத்துப் பார்க்க வேண்டாமா என்று எதிர்த் தரப்பு கேட்கிறது. நியாயமான கேள்விதான், ஆனால் வகுத்தாலும் அந்த நீண்ட வால், அதாவது எப்போதாவது வந்து எல்லாவற்றையும் விழுங்கும் ராட்சதப் போர், எங்கும் போய்விடுவதில்லை.

ரிச்சர்ட்சன் ஆயுதப் போட்டிக்கும் சமன்பாடு எழுதினார். எதிரியின் ஆயுதம் என் ஆயுதத்தைக் கூட்டுகிறது, என் செலவு அதைக் குறைக்கிறது, பழைய பகை மேலே கொஞ்சம் சேர்க்கிறது. இரண்டு தரப்பின் பயமும் செலவின் சுமையை மிஞ்சினால் கோடு விண்ணுக்குப் போய்விடும். முதல் உலகப்போருக்கு முந்தைய ராணுவச் செலவுக்கு இது அழகாகப் பொருந்தியது, என்ன, வரைபடத்தில் இருந்த புள்ளிகளை ஒரு கை விரலிலேயே எண்ணிவிடலாம். நின்று யோசிக்காவிட்டால் மக்கள் என்ன செய்வார்கள் என்பதை மட்டுமே இந்தச் சமன்பாடு சொல்கிறது என்று அவரே எழுதிவைத்திருக்கிறார்.

நாடுகளின் எல்லைக்கும் போருக்கும் தொடர்பு உண்டா என்று தேடப்போனதும் அவர்தான். ஸ்பெயின்-போர்ச்சுகல் எல்லையின் நீளம் ஓர் இடத்தில் 987 கிலோமீட்டர், இன்னோர் இடத்தில் 1,214 கிலோமீட்டர் என்று இருந்ததைக் கவனித்தார். அளக்கிற கோல் சிறிதானால் சின்னச் சின்ன வளைவுகளும் கணக்கில் சேர்ந்து எல்லை நீளும் என்ற இந்தக் கண்டுபிடிப்பு பின்னால் மாண்டல்பிராட் என்ற கணிதவியலாளர் கையில் ஃப்ராக்டல் கணிதத்துக்கு (எவ்வளவு நெருங்கிப் பார்த்தாலும் வளைவுநெளிவு தீராத வடிவங்களின் கணிதம்) வித்தானது.

இவ்வளவு கணக்குக்கும் அடியில் ஓர் ஓட்டை இருக்கிறது. செத்தவர்களை யார் எண்ணினார்கள்?

இதற்கு ஓர் உபாயம் உண்டு. ஒரு போருக்குப் பிறகு இரண்டு அமைப்புகள், ஒன்றுக்கொன்று தெரியாமல், செத்தவர்கள் பெயரைத் திரட்டுகின்றன என்று வைத்துக்கொள்வோம். முதல் பட்டியலில் 600 பேர், இரண்டாவதில் 400 பேர், இரண்டிலும் இருப்பவர்கள் 120 பேர். இரண்டாம் பட்டியலின் 400இல் 120 பேர், அதாவது 30 சதவீதம், முதல் பட்டியலில் சிக்கியிருக்கிறார்கள். அப்படியானால் முதல் பட்டியல் மொத்தத்தில் 30 சதவீதத்தைப் பிடிக்கிற வலை. 600 என்பது 30 சதவீதம் என்றால் மொத்தம் 2,000. நம் கையில் இருக்கும் பெயர்கள் 880, எந்தப் பட்டியலிலும் வராதவர்கள் 1,120 பேர். எட்டாம் வகுப்புக் கணக்குதான் இது, ஆனால் முதல்முறை போட்டுப் பார்த்தபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

நிஜத்தில் இவ்வளவு சுலபமில்லை. இரண்டு அமைப்புகளும் சாலை வசதியுள்ள ஊர்களுக்கு மட்டுமே போயிருந்தால் பொதுப் பெயர்கள் அதிகமாகி, மொத்தம் குறைவாக வரும். மாதா கோயிலில் சொன்னவர்கள் அரசாங்கத்திடம் வாய் திறக்காவிட்டால் பொதுப் பெயர்கள் குறைந்து, மொத்தம் ஊதிப்போகும். அதனால்தான் மூன்று, நான்கு பட்டியல்களை வைத்து, வட்டாரம் வட்டாரமாகப் பிரித்துச் செய்கிறார்கள்.

பெரு நாட்டில் 1980 முதல் 2000 வரை நடந்த உள்நாட்டு மோதலை விசாரித்த உண்மை ஆணையத்திடம் இருந்த பெயர்கள் சுமார் 24,000. பாட்ரிக் பால் என்ற புள்ளியியலாளரின் குழுவினர் இந்த முறையில் போட்ட கணக்கில் 69,280 வந்தது, 61,007க்கும் 77,552க்கும் இடையில் என்ற எச்சரிக்கையோடு. இதிலும் வழக்கு இருக்கிறது. ஒளிரும் பாதை என்ற மாவோயிஸ்ட் அமைப்பின் கெரில்லாக்கள் கொன்றவர்களை மற்ற அமைப்புகள் அதிகம் பதிவு செய்யவில்லை, அதனால் அந்தப் பகுதியைச் சுற்றிவளைத்துத்தான் கணக்கிட வேண்டியிருந்தது. 2019இல் வேறொரு ஆய்வாளர் அதைக் கேள்வி கேட்டு, சுமார் 48,000 என்றார். எண் எதுவாக இருந்தாலும் பட்டியலில் இருந்ததைப் போல குறைந்தது இரண்டு மடங்கு. ஆணையத்துக்குத் தெரியவந்த பலிகளில் நான்கில் மூன்று பேர் கெச்சுவா போன்ற பழங்குடி மொழிகளைத் தாய்மொழியாகக் கொண்ட மலைநாட்டு ஏழைகள். அவர்களில் பலர் செத்த செய்தி தலைநகர் லிமாவை எட்டவே ஆண்டுக்கணக்கில் ஆகியிருந்தது.