தட்டிப் பார்த்தால் தெரியும் சுயநினைவு

நம் தலைக்குள் ஏறத்தாழ 8,600 கோடி நியூரான்கள், அதாவது நரம்பு செல்கள். அவற்றில் சுமார் 6,900 கோடி சிறுமூளையில்தான் குவிந்து கிடக்கின்றன. எண்ணிக்கைதான் கணக்கென்றால் சுயநினைவு அங்கேதான் குடியிருக்க வேண்டும். ஆனால் பிறவியிலேயே சிறுமூளை இல்லாத சீனப் பெண் ஒருவரைப் பற்றி 2014-இல் மருத்துவர்கள் எழுதினார்கள். நடை தள்ளாடியது, பேச்சு கொஞ்சம் குழறியது. சுயநினைவுக்கு ஒரு குறையும் இல்லை. மூளைத்தண்டின் மேற்பகுதியிலோ சிறு காயம் பட்டாலே ஆள் கோமாவில் விழலாம். அது விழிப்பின் சுவிட்ச் மட்டுமே. வலி, வாசனை, நிறம் எல்லாம் விரிவதற்குப் பெருமூளையின் வெளியடுக்கான புறணியும், மூளையின் நடுவே செய்திகளைக் கடத்திவிடும் தலாமஸும் வேண்டும்.

வித்தியாசம் வயரிங்கில் இருக்கிறது. சிறுமூளையில் ஒரே மாதிரியான சுற்றுகள் அக்கம்பக்கத்தில் அவரவர் வேலையைப் பார்க்கின்றன. புறணியில் போன செய்தி வேறிடங்களைத் தொட்டுத் திரும்பி வரும்.

இந்தப் பேச்சுவார்த்தையை அளக்க முடியுமா? பானை வாங்குகிறவர் தட்டிப் பார்ப்பதுபோல் மூளையையும் தட்டலாம் என்று மிலானில் மார்ச்செல்லோ மாசிமினியின் குழு காட்டியது. அளவீடு 2013-இல் வெளியானது. தலைமேல் ஒரு காந்தச் சுருளை வைத்து, கண நேரத் துடிப்பு ஒன்றைச் செலுத்துகிறார்கள். மூளையில் எழும் மின்னலையைத் தலையில் ஒட்டிய மின்முனைகள் வழியே ஈ.ஈ.ஜி. கருவி பதிவு செய்கிறது. இப்படி நூற்றுக்கணக்கான முறை. சராசரிப் பதிவை 0, 1 என்று மாற்றி, கணினியில் ஃபைலை 'ஜிப்' செய்வதுபோல் சுருக்குகிறார்கள். எளிதில் சுருங்கினால் அலை எளிமையானது, அதற்குக் கிடைக்கும் மதிப்பும் குறைவு. 0.31-ஐத் தாண்டினால் சுயநினைவு இருப்பதாகக் கொள்கிறார்கள்.

விழித்திருப்பவரிடம் அலை இடம்விட்டு இடம் தாவி, 300 மில்லிசெகண்ட் வரைகூட உருமாறிக்கொண்டே இருக்கும். கனவற்ற ஆழ்ந்த தூக்கத்தில் அடி பலமாகத்தான் விழுகிறது. ஆனால் நியூரான்கள் ஒருமுறை மின்துடிப்பை அனுப்பியதும் ஒருசேர வாயடைத்துப்போவதால் அலை விழுந்த இடத்திலேயே அடங்குகிறது. புரோபோஃபால் என்ற மயக்க மருந்து தரும் மயக்கத்திலும் இதே கதை.

சோதனை சொதப்புவதும் உண்டு. சுருளின் 'டிக்' சத்தமே காதுவழி தனி அலையை எழுப்பிவிடும். அதனால் காதில் இரைச்சல் ஒலியை ஓடவிட வேண்டும். நெற்றித் தசை துடித்தால் பதிவு வீண். பக்கவாதத்தில் செத்த பகுதிமேல் தட்டினால் பதிலே வராது, நினைவோடு இருப்பவரையும் இல்லையென்று சொல்லிவிடும். ஆகவே பல இடங்களில் தட்டி, கிடைத்ததில் பெரிய எண்ணை எடுக்கிறார்கள்.

கெட்டமைன் என்ற இன்னொரு மயக்க மருந்து கொடுக்கப்பட்டவர் கூப்பிட்டாலும் அசையமாட்டார். எண் மட்டும் இறங்குவதில்லை. தெளிந்து எழுந்ததும் நீளமான கனவுகளைச் சொல்வார்.