கற்பனைக் கல்லின் சீட்டும் செர்பியாவின் வெள்ளைக் கல்லும்

2006ஆம் ஆண்டு வெளியான ‘சூப்பர்மேன் ரிட்டர்ன்ஸ்’ படத்தில், அருங்காட்சியகக் கண்ணாடிப் பெட்டியிலிருந்து வில்லன் ஒரு கல்லைத் திருடுவான். சூப்பர்மேனின் பலத்தையெல்லாம் உறிஞ்சிவிடும் கிரிப்டோனைட் அதற்குள் இருக்கிறது. பெட்டியின் சீட்டில் கல்லின் வேதிப்பெயரும் எழுதியிருக்கும்: ‘சோடியம் லித்தியம் போரான் சிலிக்கேட் ஹைட்ராக்சைடு, ஃபுளோரினுடன்’. படத்துக்காக யாரோ கற்பனையில் எழுதிய பெயர்.

ஏறக்குறைய அதே காலத்தில், லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தின் கனிமவியலாளர் கிறிஸ் ஸ்டான்லி, செர்பியாவிலிருந்து வந்த ஒரு வெள்ளைக் கல்லை ஆராய்ந்துகொண்டிருந்தார். ஆய்வு முடியும் தறுவாயில், கண்டறிந்த வேதிப்பெயரை இணையத்தில் தேடிப் பார்த்தார். வந்து நின்றது அந்தப் படத்தின் சீட்டு. ஃபுளோரின் ஒன்றைத் தவிர மற்ற எல்லாம் அப்படியே பொருந்தின.

2007இல் ‘கிரிப்டோனைட் கிடைத்துவிட்டது’ என்று உலகெங்கும் செய்தி பரவியது. எனக்கு அந்தப் பொருத்தத்தைவிடப் பெரிதாகத் தெரிவது அதற்கு முன் நடந்த வேலை. கையில் ஒரு பிடி வெள்ளைப் பொடி இருக்கிறது. இது இதுவரை யாரும் அறியாத கனிமம் என்று எப்படிச் சொல்வது?

கதை 2004இல் தொடங்குகிறது. மேற்கு செர்பியாவில் லோஸ்னிட்சா நகருக்கு அருகே ஜாடார் பள்ளத்தாக்கு இருக்கிறது. ஒரு கோடி ஆண்டுகளுக்கும் முன் அது ஏரியாக இருந்த படுகை. போரான் தாதுக்களைத் தேடி ரியோ டின்டோ என்ற சுரங்க நிறுவனத்தின் நிலவியலாளர்கள் அங்கே ஆழ்துளையிட்டார்கள். துளைக்கருவி மேலே கொண்டுவந்த உருளை வடிவப் பாறைத்துண்டில், நுண்ணிய களிமண் பாறைக்கு நடுவே வெள்ளை வெள்ளையாக உருண்டைகள் பதிந்திருந்தன. பார்வைக்குச் சுண்ணாம்புக் கட்டிதான். ஆனால் அறிந்த கனிமங்களின் பட்டியலில் எதனோடும் அது ஒத்துப்போகவில்லை.

முதலில் அதில் என்னென்ன இருக்கின்றன என்று பார்க்க வேண்டும். வழக்கமான வழி, மெல்லிய எலக்ட்ரான் கற்றையை அதன்மேல் பாய்ச்சுவது. அடிபட்ட ஒவ்வொரு தனிமமும் தனக்கே உரிய எக்ஸ் கதிரை வெளியிட்டுத் தன்னைக் காட்டிக்கொடுத்துவிடும். சோடியமும் சிலிக்கனும் உடனே அகப்படுகின்றன. ஹைட்ரஜனிடம் இருப்பதோ ஒரே ஒரு எலக்ட்ரான். அதனால் இப்படிக் கதிர் வெளியிட முடியாது. லித்தியம் வெளியிடும் கதிர் மிக மெலிந்தது, வழக்கமான கருவியின் காதில் விழாது. இந்தக் கல்லின் பெயரிலேயே இருக்கும் இரண்டு தனிமங்கள் இந்த வழியில் மறைந்தே இருக்கும்! இப்படிப்பட்டவற்றுக்குக் கல்லைக் கரைத்து அளப்பது, சூடாக்கி வெளியேறும் நீரைப் பார்ப்பது என்று வேறு வழிகள் வேண்டும்.

கூறுகள் தெரிந்துவிட்டால் போதுமா? போதாது. சுண்ணாம்புக்கல்லில் இருக்கும் கால்சைட்டும் முத்தின் பளபளப்பைத் தரும் அரகோனைட்டும் ஒரே கால்சியம் கார்பனேட்தான். ஆனாலும் கனிமவியலில் அவை இரண்டு வெவ்வேறு கனிமங்கள். வாசலில் ஒரே எண்ணிக்கையில் புள்ளி வைத்து இரண்டு பேர் கோலம் போட்டால், இழை ஓடும் விதத்தில் இரண்டும் வேறு வேறு கோலமாகிவிடுகின்றன அல்லவா, அதைப் போல. ஒரு கனிமத்தின் அடையாளம், எந்த அணு எங்கே உட்கார்ந்திருக்கிறது என்பதில் இருக்கிறது.

அந்தக் கோலத்தைப் பார்க்க எக்ஸ் கதிர் உதவுகிறது. படிகத்துக்குள் அணுக்கள் அடுக்கடுக்காக நிற்கின்றன. அடுக்குகளின் இடைவெளியும் எக்ஸ் கதிரின் அலைநீளமும் ஏறத்தாழ ஒரே அளவு. அதனால் அடுக்குகளில் பட்டுத் திரும்பும் அலைகள் சில கோணங்களில் ஒன்றோடொன்று சேர்ந்து வலுக்கின்றன. மற்றக் கோணங்களில் ஒன்றையொன்று அழித்துவிடுகின்றன. வலுக்கும் கோணங்களை அளந்தால் இடைவெளியைக் கணக்கிடலாம். இதைக் கண்டு சொன்ன பிராக் என்ற தந்தைக்கும் மகனுக்கும் 1915இல் நோபல் பரிசு கிடைத்தது. மகனுக்கு அப்போது வயது 25.

சமையல் உப்பில் ஒரு பரலை எடுத்து உருப்பெருக்கியில் பாருங்கள். சிறு கனசதுரம் தெரியும். அத்தனை பெரிய படிகம் இருந்தால் அதைத் திருப்பித் திருப்பி எல்லாப் பக்கமிருந்தும் கதிர் பாய்ச்சி, அணுக்களின் இடத்தை எளிதாகக் கண்டுபிடித்துவிடலாம். செர்பியக் கல்லின் படிகங்களோ ஒரு மில்லிமீட்டரில் இருநூறில் ஒரு பங்குகூடத் தேறாதவை. ஒன்றைத் தனியே பிரித்தெடுத்து ஆராய வழியில்லை. பொடியாகவே வைத்துத்தான் பார்க்க வேண்டும். பொடியில் எண்ணற்ற படிகங்கள் கண்ட கண்ட திசையில் கிடப்பதால், மூன்று பரிமாணத்தில் விரிய வேண்டிய தகவல் எல்லாம் ஒரே வரைகோட்டின் மேடுகளாக நசுங்கி, ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொள்கிறது. போதாக்குறைக்கு, எக்ஸ் கதிரைச் சிதறச் செய்பவை எலக்ட்ரான்கள். 14 எலக்ட்ரான் உள்ள சிலிக்கனுக்குப் பக்கத்தில் 3 எலக்ட்ரான் உள்ள லித்தியத்தின் குரல் எடுபடுவதில்லை.

இந்த நசுங்கிய கோட்டிலிருந்து கல்லின் கட்டமைப்பை மீட்டெடுத்தார் கனடா தேசிய ஆராய்ச்சி மன்றத்தைச் சேர்ந்த பமீலா விட்ஃபீல்ட். இது போன்ற வேலையில் ஓர் அமைப்பை உத்தேசித்து, அது எப்படிப்பட்ட கோட்டைத் தரும் என்று கணக்கிட்டு, அளந்த கோட்டோடு ஒப்பிட்டு, பொருந்தும்வரை திருத்திக்கொண்டே போக வேண்டும். இறுதியில் தெரிந்த சித்திரம் இது: லித்தியம், சிலிக்கன், போரான் ஆகியவற்றை ஆக்சிஜன் சூழ்ந்த நான்முகிகள் (நான்கு முக்கோண முகங்கள் கொண்ட வடிவங்கள்) மூலைக்கு மூலை கைகோத்து ஒரு தகடு போல விரிகின்றன, மீதிப் போரான் முக்கோணங்களாகத் தகட்டோடு ஒட்டி நிற்கிறது, சோடியம் இடையில் அமர்ந்திருக்கிறது. அதுவரை அறியப்படாத கோலம்.

பன்னாட்டுக் கனிமவியல் சங்கம் ஒப்புக்கொண்டதும் கல்லுக்குப் பெயர் வந்தது: ஜாடரைட். ‘கிரிப்டோனைட்’ என்று வைத்திருக்கலாமே என்று கேட்டவர்கள் உண்டு. அந்தப் பெயர், 1898இல் கண்டுபிடிக்கப்பட்ட கிரிப்டான் வாயுவை நினைவூட்டும். எதனோடும் எளிதில் சேராத அந்த வாயு இந்தக் கல்லில் துளியும் இல்லை. பள்ளத்தாக்கின் பெயரே பொருத்தம்.

ஜாடரைட் பச்சையாக ஒளிர்வதும் இல்லை. ஆனால் இருட்டறையில் புறஊதா விளக்கைக் காட்டினால், அந்தச் சுண்ணாம்பு நிறத்தில் ரோஜாவும் ஆரஞ்சும் கலந்த மெல்லிய ஒளி பூக்கும். கண்ணுக்குத் தெரியாத புறஊதாவை வாங்கி, அதில் கொஞ்சம் ஆற்றலை வெப்பமாக இழந்து, மீதியைக் கண்ணுக்குத் தெரியும் ஒளியாகத் திருப்பித் தருகிறது. விளக்கை அணைத்தால் மறுபடியும் வெறும் வெள்ளைக்கல்.

அதன் எடையில் சுமார் 3 சதவீதம் லித்தியம். நம் கைபேசிக்கும் மின்சார காருக்கும் பேட்டரி செய்யத் தேவையான உலோகம் அது. ஜாடரைட் இவ்வளவு பெரிய அளவில் கிடைப்பது அந்த ஒரு பள்ளத்தாக்கில்தான். அங்கே உழவர்கள் வாழ்கிறார்கள், ஜாடார் ஆறு ஓடுகிறது. சுரங்கம் வந்தால் நிலமும் நீரும் கெடும் என்று அஞ்சி மக்கள் வீதிக்கு வந்தார்கள். 2022 ஜனவரியில் செர்பிய அரசு ரியோ டின்டோவின் சுரங்கத் திட்டத்தை ரத்து செய்தது. 2024 ஜூலையில் அதற்கு மீண்டும் உயிர் கொடுத்தது. ஆகஸ்டில் தலைநகர் பெல்கிரேடில் ஆயிரக்கணக்கானோர் மறுபடியும் திரண்டார்கள். அந்த அச்சம் எனக்கு முழுக்க நியாயமாகவே படுகிறது. ஏனென்றால் திட்டப்படி, லித்தியத்தை எடுக்க ஜாடரைட்டைக் கந்தக அமிலத்தில் கரைக்க வேண்டும். விட்ஃபீல்ட் அரும்பாடுபட்டு மீட்டெடுத்த அந்தக் கோலம் அமிலத்தில் முழுவதும் கலைந்த பிறகுதான் லித்தியம் வெளியே வரும்.