சுடுதளத்துக்குப் போகுமுன்: காது எதற்கும் பழகிக்கொள்ளாது

பள்ளி விடுமுறை முடிந்து குடும்பங்கள் ஊர் திரும்பும் வாரங்களில், என் செவித்திறன் சோதனை அறைக்கு ஒரே மாதிரியான கதையோடு ஆட்கள் வருவது வழக்கமாகிவிட்டது. பூக்கெட்டுக்கோ பட்டாயாவுக்கோ போயிருப்பார்கள். சிங்கப்பூரில் எளிதில் தொட்டுப் பார்க்க முடியாத பொருள் என்பதால், அங்குள்ள சுடுதளத்தில் புதிதாக வந்திருக்கும் 9 மில்லிமீட்டர் அரைத் தானியங்கிக் கைத்துப்பாக்கி ஒன்றை ஆசையோடு சுட்டுப் பார்த்திருப்பார்கள். அன்றிரவு விடுதி அறையில் தொடங்கிய காதிரைச்சல் இன்னும் நிற்கவில்லை என்பார்கள்.

அண்மையில் வந்தவர் முப்பதுகளின் நடுவில் இருக்கும் பொறியாளர். பயிற்றுநர் சொன்னது சரியாகக் கேட்கவில்லை என்பதற்காக வலப்பக்கக் காதுமூடியைக் கட்டைவிரலால் சற்றே பின்னுக்குத் தள்ளியிருக்கிறார். அதே நொடியில் பக்கத்துத் தடத்தில் இருந்தவர் சுட்டுவிட்டார். வலக்காதின் வரைபடத்தில் 2,000 ஹெர்ட்ஸ் வரை ஒழுங்காக வந்த கோடு, 4,000 ஹெர்ட்ஸில் பள்ளத்தில் விழுந்ததைப் போல் இறங்கி, 8,000 ஹெர்ட்ஸில் மறுபடியும் மேலே ஏறியிருந்தது. சத்தத்தால் அடிபட்ட காது இப்படித்தான் தன்னைக் காட்டிக்கொடுக்கும். நீள்துப்பாக்கியைத் தோளில் வைத்துச் சுடும் வலக்கைக்காரருக்குப் பெரும்பாலும் இடக்காதுதான் கூடுதலாகப் பாதிக்கப்படும், ஏனென்றால் குழல்முனைக்கு நெருக்கமாக இருப்பது அந்தக் காது. கைத்துப்பாக்கியை இரண்டு கைகளாலும் முன்னே நீட்டிச் சுடும்போது அந்த வேறுபாடு குறைவு. ஆகவே வலக்காதில் மட்டும் பள்ளத்தைக் கண்டபோதே, மூடியை விலக்கினீர்களா என்றுதான் அவரிடம் முதலில் கேட்டேன்.

அவர் சொன்ன பதில்தான் இதை எழுத வைத்தது. “தேசிய சேவையில் எஸ்ஏஆர் 21 ராணுவத் துப்பாக்கி சுட்ட காது மேடம், எனக்கு இதெல்லாம் பழக்கம்” என்றார். இதே வாக்கியத்தை நான் எத்தனையோ ஆண்களிடம் கேட்டுவிட்டேன். படித்தவர்களும் சொல்கிறார்கள், பயிற்சி பெற்ற அதிகாரிகளும் சொல்கிறார்கள், மகனை அழைத்து வரும் தந்தையரும் சொல்கிறார்கள். தயவுசெய்து இந்த எண்ணத்தை விட்டுவிடுங்கள். கடுமையாக உழைக்கும் உள்ளங்கையில் காய்ப்பு ஏறும். உட்செவியில் காய்ப்பு ஏற எதுவுமே இல்லை. ஒலியை நரம்புக்குக் கொண்டுசேர்க்கும் மயிர்ச்செல்கள் ஒரு காதில் ஏறத்தாழ 15,000தான் இருக்கின்றன. பிறக்கும்போது உள்ளவை அவ்வளவுதான். மனிதனுக்கு அவை மீண்டும் முளைப்பதில்லை. பறவைகளுக்கு முளைக்கும், நமக்கு முளைக்காது.

“முதல் தோட்டா திடுக்கிட வைத்தது, பத்தாவது தோட்டாவுக்குப் பிறகு அவ்வளவு சத்தமாகத் தெரியவில்லை, அப்படியென்றால் பழகிவிட்டது என்றுதானே பொருள்?” என்றும் கேட்கிறார்கள். இல்லை. மனம் அதிர்ச்சிக்குப் பழகலாம், காது பழகுவதில்லை. உங்கள் காதின் கேட்கும் வாசல், அதாவது காதுக்கு எட்டும் மிகக் குறைந்த ஒலியளவு, அதற்குள் உயர்ந்துவிட்டது, அதாவது நீங்கள் சுடுதளத்திலேயே தற்காலிகமாகக் கொஞ்சம் செவிடாகிவிட்டீர்கள். இதைப் பழக்கம் என்று எடுத்துக்கொண்டு இன்னொரு பெட்டித் தோட்டா வாங்குவதுதான் எனக்குப் பெரும் வேதனை. உரத்த ஒலி வரும்போது நடுச்செவியின் சிறு தசை இறுகிக் காதைக் காக்கும் என்று பள்ளியில் படித்ததை நினைவூட்டுபவர்களும் உண்டு. அந்தத் தசை இறுகுவதற்குள் துப்பாக்கியின் வெடிப்பொலி உட்செவியைக் கடந்து போயிருக்கும்.

இரைச்சல் இரண்டு நாளில் தானாக நின்றுவிட்டால் காது குணமாகிவிட்டது என்பது இதே நம்பிக்கையின் மறுபக்கம். சோதனையில் எல்லா ஒலிகளையும் பிடிப்பவர், சத்தம் மிகுந்த தேக்கா உணவங்காடி நிலையத்தில் எதிரே அமர்ந்திருக்கும் மனைவியின் பேச்சைப் பிடிக்க முடியாமல் திணறுவதை நான் பார்க்கிறேன். ‘சத்தம் கேட்கிறது, என்ன சொல்கிறார்கள் என்று மட்டும் விளங்கவில்லை’ என்பதுதான் அவர்களின் புகார். 2009ஆம் ஆண்டில் குஜாவா, லிபர்மன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் எலிகளில் காட்டியது இதோடு பொருந்தி வருகிறது: உரத்த ஒலிக்குப் பிறகு கேட்கும் வாசல் பழைய நிலைக்குத் திரும்பியபோதும், மயிர்ச்செல்களை நரம்போடு இணைக்கும் இணைப்புகளில் கணிசமான பகுதி நிலையாக அழிந்திருந்தது. இரைச்சல் அடங்கியது என்பதை வைத்து அடுத்த மாதம் மறுபடியும் போகத் துணியாதீர்கள்.

அளவைச் சொல்லிவிடுகிறேன். இங்கே வேலையிடங்களில் நாளொன்றுக்கு எட்டு மணி நேரத்துக்கு 85 டெசிபல் என்பது வரம்பு. திடீர் வெடிப்பொலிக்கு உலகச் சுகாதார நிறுவனம் சொன்ன உச்ச வரம்பு பெரியவர்களுக்கு 140 டெசிபல், சிறுவர்களுக்கு 120 டெசிபல். 9 மில்லிமீட்டர் கைத்துப்பாக்கியின் வெடி சுடுபவரின் காதருகே ஏறத்தாழ 160 டெசிபல். 140க்கும் 160க்கும் இடையே இருபதுதானே வித்தியாசம் என்று நினைக்க வேண்டாம். ஆற்றலில் அது நூறு மடங்கு. உள்ளரங்கச் சுடுதளத்தில் கான்கிரீட் சுவர்கள் ஒலியைத் திருப்பி அடிக்கும். குழல் குட்டையான புதிய மாதிரிகளும், உதைப்பைக் குறைப்பதற்காகக் குழல்முனையில் துளையிட்ட மாதிரிகளும், பக்கத்தில் நிற்பவருக்கு இன்னும் உரக்கக் கேட்கும். பின்னால் நின்று கைபேசியில் காணொளி எடுக்கும் உறவினரும், அவர் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கும் குழந்தையும் இதே ஒலிக்குள்தான் நிற்கிறார்கள். அந்தக் குழந்தைகளை அங்கே அழைத்துப் போகவே வேண்டாம் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன்.

போகத்தான் போகிறீர்கள் என்றால், காதுமூடி மட்டும் போதாது. நுரை அடைப்பானைக் காதுக்குள் பொருத்தி, அதன் மேல் காதுமூடியை அணியுங்கள். உறையில் அச்சிட்டிருக்கும் 33, 25 போன்ற ஒலிக்குறைப்பு எண்களைக் கூட்டி 58 என்று மகிழ வேண்டாம்; இரண்டையும் சேர்த்து அணிந்தால், உயர்ந்த எண்ணுக்கு மேல் ஐந்து டெசிபல் அளவுக்குத்தான் கூடும். உறையில் உள்ள எண்ணே ஆய்வகத்தில், சரியாக அணிந்தபோது கிடைத்தது. அரைகுறையாகச் செருகியவருக்கு அதில் பாதிகூடக் கிடைக்காது. அடைப்பானை விரல்களால் மெல்லிய குச்சியைப் போல் உருட்டுங்கள், எதிர்க்கையைத் தலைக்கு மேலாகக் கொண்டுவந்து காதின் மேல்நுனியை மேலும் பின்னுமாக இழுங்கள், உள்ளே செருகி, நுரை விரியும்வரை அரை நிமிடம் விரலால் பிடித்துக்கொள்ளுங்கள். கண்ணாடியில் பார்த்தால் அதன் பின்முனை மட்டும்தான் தெரிய வேண்டும். பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அது அலங்காரம்தான்.

காதுமூடியின் மெத்தைக்கும் தோலுக்கும் இடையே எதுவும் இருக்கக் கூடாது. மூக்குக்கண்ணாடியின் தடித்த கம்பி, ஜிமிக்கி, தொப்பியின் விளிம்பு, முடிக்கற்றை, எல்லாமே ஒலி நுழையும் வழிகள்தாம். பெண்கள் தோட்டைக் கழற்றிவிடுங்கள். துப்பாக்கியிலிருந்து வெளியேறும் சூடான வெற்றுத் தோட்டா உறை கழுத்தில் பட்டால் அனிச்சையாகத் தலையை உதறுவீர்கள், மூடி நகரும். சுடுவதை நிறுத்தி, அதைச் சரிசெய்த பிறகே தொடருங்கள். பஞ்சும் காகிதக்குட்டையும் அடைப்பான்கள் அல்ல. விமானத்தில் பயன்படுத்தும் ஒலிநீக்கக் காதொலிக் கருவியும் அல்ல. இயந்திர இரைச்சலைப் போன்ற சீரான ஒலியைக் குறைக்க அமைத்தது அது, வெடியைத் தடுக்க அதற்கு எந்தத் தகுதிச் சான்றும் கிடையாது.

பயிற்றுநர் சொல்வது கேட்க வேண்டும் என்பது நியாயமான தேவை. பேச்சை உள்ளே விட்டு வெடியை மட்டும் வெட்டிவிடும் மின்னணுக் காதுமூடிகள் இருக்கின்றன, கேட்டு வாங்குங்கள். இல்லையென்றால், துப்பாக்கியைப் பிடிக்கும் முறை, மேகசினைக் கழற்றும் முறை, தோட்டா அறை காலியா என்று பார்க்கும் முறை அனைத்தையும் சுடுதளக் கதவுக்கு வெளியிலேயே கேட்டுத் தெரிந்துகொண்டு, உள்ளே கையசைவால் பேசிக்கொள்ளுங்கள். காதை நன்றாக மூடியவர் வெடிக்கு அஞ்சி முன்கூட்டியே கையை உதறுவதும் குறையும், இலக்கும் தவறாது. கௌரவம் பார்த்துக் காதைத் திறந்து வைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன்.

சுட்டு வந்த பிறகு காது அடைத்தாற்போல் இருந்தாலோ, சில்வண்டு போன்ற இரைச்சல் மறுநாள் காலையிலும் தொடர்ந்தாலோ, காத்திருக்காதீர்கள். எண்ணெய் விடாதீர்கள், பஞ்சுக்குச்சியால் குடையாதீர்கள். ஒரு காதில் திடீரெனக் கேட்கும் திறன் குறைந்தால் அன்றே மருத்துவரைப் பாருங்கள். ஸ்டீராய்டு மருந்து பலன் தருமா என்று முடிவெடுக்க வேண்டியது முதல் சில நாட்களில்தான். பலதுறை மருந்தகத்தில் பதிவுசெய்து, நிபுணரைப் பார்க்க மூன்று வாரம் கழித்துத் தேதி கிடைக்கும்வரை அதைத் தள்ளிப்போட முடியாது. பதிவு முகப்பில் ‘காது வலி’ என்று மட்டும் சொல்லாமல், துப்பாக்கி சுட்ட பிறகு கேட்கவில்லை என்று தெளிவாகச் சொல்லுங்கள். பயணத்துக்கு முன்பே ஒருமுறை செவித்திறன் சோதனை செய்துகொள்வது இன்னும் நல்லது; சோதனைக்கு முந்தைய நாள் இரவு உரத்த இசையோ இயந்திரச் சத்தமோ வேண்டாம். வரும்போது நீங்கள் வாங்கிய அடைப்பானையும் காதுமூடியையும் கையோடு கொண்டுவாருங்கள். உங்கள் காதுக்கு அவை பொருந்துகின்றனவா என்று என் அறையிலேயே பார்த்துவிடலாம்.