உறுதிபூசுதல்: சொல்லும் பொருளும்

பாம்பன், தங்கச்சிமடம், வேர்க்கோடு பக்கம் ஆயர் (பிஷப்) வருகிறார் என்றால், “பிள்ளைகளுக்கு உறுதிபூசுதல் கொடுக்கவா?” என்று கேட்பார்கள். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் வாயில் அது ‘கன்ஃபர்மேஷன்’. இரண்டும் ஒரே அருளடையாளம்தான்: ஞானஸ்நானம் பெற்றவரின் நெற்றியில் எண்ணெய் பூசித் தூய ஆவியைப் பெறச் செய்யும் திருச்சடங்கு. ஆனால் தமிழ்ப் பெயரில் பொருள் கூடுதலாகவே இருக்கிறது.

‘கன்ஃபர்மேஷன்’ இலத்தீனிலிருந்து வந்தது. ‘ஃபிர்முஸ்’ என்றால் திடமான, அசையாத. அதிலிருந்து வந்த வினைக்குத் திடப்படுத்துதல் என்று பொருள். இன்று ரயில் டிக்கெட் ‘கன்ஃபர்ம்’ ஆவதையே கேட்டுப் பழகிவிட்டதால், குழந்தையாக இருந்தபோது பெற்ற ஞானஸ்நானத்தை வளர்ந்தபின் நாமே ஒப்புக்கொள்வதுதான் இந்தச் சடங்கு என்று பலர் நினைக்கிறார்கள். சடங்கில் ஞானஸ்நான வாக்குறுதிகளைப் புதுப்பிக்கிறோம், உண்மைதான். ஆனால் கத்தோலிக்கத் திருச்சபை சொல்லும் பொருளில், இங்கே உறுதிப்படுத்துகிறவர் தூய ஆவியார், உறுதிப்படுகிறவர்கள் நாம்.

இதன் வேர் விவிலியத்தில் திருத்தூதர் பணிகள் நூலின் 8ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. சமாரியாவில் ஞானஸ்நானம் பெற்றிருந்தவர்கள்மேல் திருத்தூதர்களான பேதுருவும் யோவானும் கைகளை வைக்க, அவர்கள் தூய ஆவியைப் பெற்றார்கள். திருத்தூதர்களின் வழிவந்தவர் ஆயர் என்பதால்தான் நாம் பின்பற்றும் இலத்தீன் முறையில் இதை வழக்கமாக அவரே கொடுக்கிறார். பாஸ்கா திருவிழிப்பில் (ஈஸ்டருக்கு முந்தின இரவு வழிபாட்டில்) ஞானஸ்நானம் பெறும் பெரியவர்களுக்குப் பங்குச் சாமியாரே அப்போதே கொடுத்துவிடுவார்.

கீழைத் திருச்சபைகள் இதற்கு எண்ணெயை வைத்தே பெயரிட்டன. கிரேக்கத்தில் ‘கிறிஸ்மா’ என்றால் பூசும் தைலம். ‘கிறிஸ்து’, அதாவது திருப்பொழிவு பெற்றவர், என்ற சொல்லும் அதே வேரில் பிறந்ததுதான். கேரளத்துச் சீரோ மலபார் சபையில் குழந்தைக்கு ஞானஸ்நானத்தோடு சேர்த்தே இதையும் கொடுத்துவிடுகிறார்கள்.

இலத்தீன் பயனைச் சொல்கிறது, கிரேக்கம் செயலைச் சொல்கிறது. நம்முடைய ‘உறுதிபூசுதல்’ இரண்டையும் ஒரே சொல்லில் வைத்திருக்கிறது. உறுதி பயன், பூசுதல் செயல். ‘உறுதிப்பூசுதல்’ என்று ஒற்று போட்டும் அச்சிடுகிறார்கள். உறுதி தரும் பூசுதல் என்று விரித்தால் ஒற்று மிகும், உறுதியைப் பூசுதல் என்று கொண்டால் மிகாது. பழைய ஞானோபதேசத்தில் (மறைக்கல்வி நூலில்) ‘அருளடையாளம்’ என்பதற்கு ‘தேவதிரவிய அனுமானம்’ என்று இருந்தது, நோயில்பூசுதல் ‘அவஸ்தைப்பூசுதல்’ என்று இருந்தது. அவையெல்லாம் மாறியும் இந்தப் பெயர் நிலைத்தது எனக்குப் பெரிய மகிழ்ச்சி. தென்னிந்தியத் திருச்சபையில் இதை ஒத்த சடங்கைத் ‘திடப்படுத்தல்’ என்கிறார்கள். நல்ல தமிழ்தான், ஆனால் அதில் எண்ணெய் இல்லை.

அந்த எண்ணெயைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். ஒலிவ எண்ணெயில் பால்சம் என்ற நறுமணப் பொருளைக் கலந்து, புனித வாரத்தில் தம் குருக்கள் சூழ ஆயர் அதை அர்ச்சிக்கிறார். இராமநாதபுரம் கரைக்கு 1987இல் உருவான சிவகங்கை மறைமாவட்டம் என்பதால், இங்குள்ள பங்குகளுக்கு அங்கிருந்துதான் தைலம் வருகிறது. சடங்கன்று ஆயர் முதலில் எல்லார்மேலும் கைகளை நீட்டி மன்றாடுவார். அப்புறம் ஒவ்வொருவராக முன்னே போக வேண்டும். ஞானத்தாயோ ஞானத்தகப்பனோ பின்னால் நின்று பிள்ளையின் தோளில் வலக்கையை வைத்திருப்பார். ஆயர் பெருவிரலைத் தைலத்தில் தொட்டு, நெற்றியில் சிலுவை வரைந்து, பெயர் சொல்லி, தூய ஆவியின் கொடையாகிய முத்திரையைப் பெற்றுக்கொள்ளச் சொல்வார். பிள்ளை ‘ஆமென்’ என்று சொல்லும். இந்த வாய்பாட்டை 1971இல் திருத்தந்தை ஆறாம் பவுல் வகுத்தார். அதற்கு முன் ஆயர் கன்னத்தில் லேசாகத் தட்டும் வழக்கமும் இருந்தது. விசுவாசத்துக்காகத் துன்பப்படவும் தயாராக இரு என்று அதற்குப் பொருள் சொல்வார்கள்.

அந்தத் துணிவுதான் இதன் நோக்கமே. ஞானம், புத்தி, விமரிசை (ஆலோசனை), திடம், அறிவு, பக்தி, தெய்வபயம் என்று பெரியவர்கள் மனப்பாடமாகச் சொல்லும் ஏழு கொடைகளில் ‘திடம்’ நடுவில் நிற்கிறது. இந்தக் கரையில் அதற்கு விளக்கம் தேடித் தூரம் போக வேண்டாம். 1549இல் வேதாளையில் இயேசு சபைக் குரு அந்தோனி கிரிமினாலி கொல்லப்பட்டார். 1693 பிப்ரவரி 4 அன்று ஓரியூரில் அதே சபைக் குரு அருளானந்தர் (ஜான் டி பிரிட்டோ) தலை வெட்டப்பட்டார். மறைக்கல்வி வகுப்பில் பிள்ளைகளுக்கு முதலில் சொல்ல வேண்டியது இவர்களைத்தான்.

‘முத்திரை’ என்ற சொல்லுக்கும் காரணம் உண்டு. ஞானஸ்நானம், உறுதிபூசுதல், குருத்துவம் ஆகிய மூன்றும் ஆன்மாவில் அழியாத அடையாளம் பதிப்பதால் ஒருவருக்கு ஒருமுறைதான். தூய ஆவியார் இறங்கி வந்த பெந்தெகொஸ்தே பெருவிழா எந்த ஆண்டானாலும் மே 10க்கும் ஜூன் 13க்கும் இடையில்தான் வரும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அதனால் பெந்தெகொஸ்தே அன்று இந்தச் சடங்கை வைத்தால், விசைப்படகில் கடலுக்குப் போகும் தகப்பனும் கோயிலில் பிள்ளையோடு நிற்கலாம். ஏதோ காரணத்தால் சிறு வயதில் விட்டுப்போனவர்கள், பெரிய இடைஞ்சல் இல்லையென்றால், திருமணத்துக்கு முன் இதைப் பெற்றுக்கொள்ள வேண்டும் என்கிறது திருச்சபைச் சட்டம். கல்யாண ஓலை (கோயிலில் வாசிக்கும் திருமண அறிவிப்பு) கொடுக்கப் போகும்போது சாமியார் இதைக் கேட்பார், பங்கு ஏட்டில் முன்கூட்டியே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.